பிச்சாவரமா, முத்துப்பேட்டையா? துடுப்பா, மோட்டாரா?

"சிதம்பரம் வரைக்கும் போகிறோம், பிச்சாவரத்தில் ஒரு மணி நேரம் படகில் போனால் போதுமா?" "துடுப்புப் படகு எடுப்பதா, மோட்டார் படகா?" "முத்துப்பேட்டை இன்னும் நன்றாக இருக்கும் என்கிறார்களே, நேரே அங்கேயே போய்விடலாமா?" மழை ஓய்ந்து பொங்கல் விடுமுறை நெருங்கும்போது, டெல்டா பக்கம் கிளம்புகிறவர்கள் மாறி மாறிக் கேட்கிற கேள்விகள் இவை. எது அழகு என்று கேட்டால் பதில் சொல்ல முடியாது, எல்லாமே அழகுதான். உங்களிடம் எத்தனை மணி நேரம் இருக்கிறது, கூட யார் வருகிறார்கள் என்று சொன்னால் பதில் தானாக வந்துவிடும்.

இரண்டு இடங்களும் ஒரே ஆற்றின் வேலை. காவிரி டெல்டாவின் வடக்கு எல்லையில் கொள்ளிடம் கடலில் கலக்கும் இடத்துக்கும் வெள்ளாறு கலக்கும் இடத்துக்கும் நடுவே இருப்பது பிச்சாவரம். தெற்குக் கோடியில், பாமணியாறு, கோரையாறு போன்ற கிளையாறுகள் பாக் நீரிணையை எட்டும் இடத்தில் இருப்பது முத்துப்பேட்டை. இரண்டிலும் அலையாத்திக் காடுதான், அதாவது உப்புநீர்ச் சேற்றில் வளரும் மாங்குரோவ் காடு. ஆனால் படகில் உட்கார்ந்து பார்க்கும்போது இரண்டும் ஒன்றுபோலவே இருக்காது.

## எதை வைத்து முடிவு செய்வது

நான் ஐந்து விஷயங்களைப் பார்ப்பேன். மரத்துக்கு எவ்வளவு பக்கத்தில் போக முடியும் என்பது முதலாவது. அலையாத்திக் காட்டில் பார்க்க வேண்டியதெல்லாம் வேரிலும் சேற்றிலும்தான் இருக்கிறது. முப்பது அடி தள்ளி நின்றால் அது வெறும் பச்சைச் சுவர். இரண்டாவது, மொத்தம் எவ்வளவு நேரம் போகும் என்பது. படகில் இருக்கும் நேரத்தை மட்டும் கணக்கிடக் கூடாது, வீட்டை விட்டுக் கிளம்பித் திரும்பும் வரைக்கும் சேர்த்துப் பார்க்க வேண்டும். மூன்றாவது, போனால் படகு நிச்சயமாகக் கிடைக்குமா என்பது. நான்காவது, முழங்கால் வலிக்காரர், கைக்குழந்தை, தண்ணீர் பயம் உள்ளவர் யாராவது கூட வருகிறார்களா என்பது. ஐந்தாவதுதான் செலவு. அதிலும் டிக்கெட் விலையைவிட அதைச் சுற்றி வரும் செலவுதான் பெரிது.

| | பிச்சாவரம் – துடுப்பு | பிச்சாவரம் – மோட்டார் | முத்துப்பேட்டை |
|---|---|---|---|
| ஏறும் இடம் | சுற்றுலாப் படகுத்துறை | அதே துறை | ஜாம்புவானோடை |
| நெருங்கிய ஊர் | சிதம்பரம், சுமார் 15 கி.மீ. | அதே | முத்துப்பேட்டை |
| ஒதுக்க வேண்டிய நேரம் | அரை நாள் | அரை நாளுக்கும் குறைவு | ஒரு முழு நாள் |
| முன்னேற்பாடு | விடுமுறை நாளில் சீக்கிரம் போனால் போதும் | அதேதான் | வனத்துறையிடம் முன்கூட்டியே பேச வேண்டும் |
| படகில் எத்தனை பேர் | நாலைந்து பேர் | ஒரு குடும்பமே ஏறலாம் | குழுவாகப் போவது நல்லது |

## பிச்சாவரம்: துடுப்புப் படகு

பிச்சாவரத்துக்கென்று ஒரு தனித்தன்மை உண்டென்றால் அது குறுகலான வாய்க்கால்கள்தான். காடு முழுக்கச் சின்னச் சின்னத் திட்டுகள், ஐம்பதுக்கும் மேல். அவற்றுக்கு நடுவே கால்வாயாகவும் ஓடையாகவும் தண்ணீர் பிரிந்து பிரிந்து ஓடுகிறது. சில இடங்களில் இரு கரை மரங்களும் தலைக்கு மேல் கைகோத்துக்கொள்ளும். படகோட்டி துடுப்பை உள்ளே இழுத்து வைத்துவிட்டு, கிளையைப் பிடித்துத் தள்ளித்தான் படகை நகர்த்துவார். அந்த இடத்துக்குள் மோட்டார் படகு நுழையாது. துடுப்புப் படகை நான் முதலில் வைப்பதற்கு இந்த ஒரு காரணமே போதும்.

மோட்டார் சத்தம் இல்லாததால் இன்னொரு நன்மையும் உண்டு. சேற்றில் இருப்பவை ஓடி ஒளிவதில்லை. தண்ணீர் வற்றிய நேரமாக இருந்தால் கரையோரச் சேற்றில் உளுவை மீன்கள் தங்கள் மார்புத் துடுப்பை ஊன்றித் தவழ்வதைக் கைக்கெட்டும் தூரத்தில் பார்க்கலாம். ஒரு பக்கக் கொடுக்கு மட்டும் பெரிதாக உள்ள குட்டி நண்டுகள், அந்தக் கொடுக்கைத் தூக்கித் தூக்கி ஆட்டிக்கொண்டு வளை வாசலில் நிற்கும். அவை ஆண் நண்டுகள். பெண்ணுக்கு இரண்டும் சின்னக் கொடுக்குகள்தான்.

மரங்களில் இரண்டை அடையாளம் தெரிந்துகொண்டால் மொத்தக் காடும் புரிந்த மாதிரி. தண்ணீர் ஓரத்தில், தண்டிலிருந்து வளைந்து வளைந்து சேற்றில் ஊன்றும் முட்டுவேர்களோடு நிற்பது சுரபுன்னை. அதன் விதை மரத்தில் இருக்கும்போதே முளைத்துவிடும். முளை முருங்கைக்காய் போல நீளமாகத் தொங்கிக்கொண்டிருக்கும். விழுந்தால் சேற்றில் குத்தி நிற்கும், இல்லாவிட்டால் மிதந்து போய் வேறொரு கரையில் வேர்விடும். கொஞ்சம் உள்ளே, சேற்றிலிருந்து பென்சில் பென்சிலாக மூச்சுவேர்களை மேலே நீட்டிக்கொண்டு நிற்பது வெண்கண்டல். உப்புநீரை உறிஞ்சி, மிஞ்சும் உப்பை இலை வழியாக வெளியே தள்ளும் மரம் அது. வெயில் ஏறிய பிறகு இலையை விரலால் தடவிப் பார்த்தால் உப்புப் பொடி ஒட்டும். குழந்தைகளோடு போகிறவர்கள் இதைக் கட்டாயம் செய்து காட்டுங்கள். பாடப்புத்தகத்தில் பத்து முறை படித்தாலும் மறந்துபோவது, விரலில் ஒட்டினால் மறக்காது.

எந்த மரத்தையும் தடவலாம் என்று நினைத்துவிட வேண்டாம். இந்தக் காட்டில் தில்லை மரமும் இருக்கிறது. சிதம்பரத்துக்குத் தில்லை என்று பெயர் தந்த மரம், நடராசர் கோயிலின் தலமரம். அதன் பால் கண்ணில் பட்டால் பார்வையையே பாதிக்கும், தோலில் பட்டால் கொப்புளம் வரும். கிளையை ஒடிக்காதீர்கள். எதைத் தொடலாம் என்று படகோட்டியைக் கேட்டுக்கொண்டு தொடுங்கள்.

குறைகளும் உண்டு. துடுப்புப் படகில் மேற்கூரை கிடையாது. வாய்க்காலுக்குள் நிழல் இருக்கும், ஆனால் அங்கே போய்ச் சேரும் வரை அகலமான திறந்த நீர்ப்பரப்பைக் கடக்க வேண்டும். பதினோரு மணிக்கு மேல் அந்த வெயில் பெரியவர்களுக்கு ஆகாது. குறுகலான இடங்களில் குனிந்து உட்கார வேண்டும். முதுகுவலி உள்ளவர்களுக்கு அது சிரமம். இன்னொன்று, எந்த வழியாகப் போவது என்பது பெரும்பாலும் படகோட்டியின் கையில் இருக்கிறது. ஏறுவதற்கு முன்பே "அண்ணே, சின்ன வாய்க்காலுக்குள்ள போவீங்களா? திரும்ப எவ்வளவு நேரமாகும்?" என்று கேட்டுவிடுங்கள். கேட்காமல் ஏறினால், அகலமான வாய்க்காலிலேயே ஒரு சுற்று சுற்றிவிட்டு வந்து இறங்கவும் வாய்ப்புண்டு.

இந்தத் தண்ணீரில் இருளர் மக்கள் மீனும் இறாலும் பிடிக்கிறார்கள். வலை இல்லாமல், சேற்றைக் கையால் துழாவிப் பிடிப்பது அவர்கள் முறை. பனையோலைப் பையைப் பல்லில் கடித்துக்கொண்டு, கழுத்தளவு தண்ணீரில் இரண்டு கைகளையும் அடியில் விட்டுத் தேடுவார்கள். அது அவர்களுடைய அன்றாடப் பிழைப்பு. படம் எடுக்க ஆசைப்பட்டால் முதலில் அவர்களிடம் கேளுங்கள், வேண்டாம் என்றால் விட்டுவிடுங்கள்.

## பிச்சாவரம்: மோட்டார் படகு

இதை ஒரேயடியாக ஒதுக்கிவிட முடியாது. குனிய முடியாத பெரியவர்கள், ஆறேழு பேர் ஒன்றாக உட்கார நினைக்கும் குடும்பம், ஒரு மணி நேரத்துக்குள் பேருந்தைப் பிடிக்க வேண்டியவர்கள் ஆகியோருக்கு இது வசதி. அகலமான வாய்க்கால்கள் வழியாக, காட்டின் பரப்பு எவ்வளவு என்பதைச் சீக்கிரம் காட்டிவிடும். 2022இல் ராம்சார் ஈரநிலமாக, அதாவது உலக அளவில் முக்கியமான ஈரநிலமாக, அறிவிக்கப்பட்டபோது பிச்சாவரத்தின் பரப்பு சுமார் 1,479 ஹெக்டேர் என்று கணக்கிட்டார்கள். அத்தனை பெரிய காட்டில் துடுப்புப் படகு காட்டுவது ஒரு மூலையைத்தான்.

நேரமும் அனுமதியும் இருந்தால், கடலோரத்து மணல்மேடு இருக்கும் திசையில் நீண்ட சுற்று போவதற்கும் மோட்டார்தான் சரி. அந்தப் பக்கத்து எம்.ஜி.ஆர். திட்டு, சின்னவாய்க்கால் பகுதிகளில் 2004 டிசம்பர் 26 சுனாமியில் நிறைய உயிர்கள் போயின. காட்டுக்குப் பின்னால் இருந்த ஊர்களில் பாதிப்பு குறைவாக இருந்தது. அலையாத்திக் காடு அலையின் வேகத்தைத் தணிக்கும் என்று ஆய்வாளர்கள் அதற்குப் பிறகு உரக்கச் சொல்லத் தொடங்கினார்கள். உங்கள் படகை ஓட்டுபவர் அந்த ஊர்களில் ஒன்றைச் சேர்ந்தவராகக்கூட இருக்கலாம். அவராகச் சொன்னால் கேளுங்கள், கதை கேட்கிற ஆவலில் துருவ வேண்டாம்.

மற்றபடி, இன்ஜின் சத்தத்தில் பேச்சு கேட்காது, பறவைகள் முன்கூட்டியே பறந்துவிடும், உளுவையோ நண்டோ கண்ணில் படாது. "பிச்சாவரம் போனேன், ஒன்றும் பெரிதாக இல்லை" என்று சொல்கிறவர்களை விசாரித்தால், பெரும்பாலும் நடுப்பகலில் மோட்டார் படகில் போனவர்களாக இருப்பார்கள்.

## முத்துப்பேட்டை: லகூன்

தமிழ்நாட்டிலேயே பெரிய அலையாத்திக் காடு இதுதான். பிச்சாவரத்தைவிடப் பல மடங்கு பெரியது. ஜாம்புவானோடையில் ஏறினால் கோரையாற்றின் வழியாகப் படகு போகும். இரு கரையிலும் மரங்கள், நடுவே அகலமான ஆறு. லகூன், அதாவது கடலை ஒட்டிய காயல், போய்ச் சேரவே ஒரு மணி நேரமாவது ஆகும். ஆறு திடீரென்று விரிந்து, கரை எங்கே என்று தெரியாத நீர்ப்பரப்பு வரும். ஆனால் ஆழமே இல்லை, பல இடங்களில் ஓர் ஆள் இறங்கி நிற்கலாம். இந்த விரிவு பிச்சாவரத்தில் கிடைக்காது. பிச்சாவரம் காட்டுக்குள் நுழைந்து பார்க்கும் அனுபவம் என்றால், இங்கே காட்டை ஓரமாக வைத்துக்கொண்டு வானத்தையும் தண்ணீரையும் பார்க்கிறோம்.

இங்கே மரவகை குறைவு. ஏறக்குறைய எல்லாமே வெண்கண்டல். வருடத்தில் மழைக்காலம் தவிர மற்ற மாதங்களில் நல்ல தண்ணீர் வரத்து குறைவு. உப்பு ஏறிக்கொண்டே போகும் மண்ணில் தாக்குப்பிடிக்கும் மரம் அதுதான். காவிரித் தண்ணீர் வந்து சேரும் கடைமடைக்கும் கடைமடை இது. மேட்டூர் அணையை வழக்கமான ஜூன் 12ஆம் தேதி திறந்தாலும், அந்தத் தண்ணீர் வாய்க்கால் வாய்க்காலாகப் பிரிந்து இந்தப் பக்கம் வந்து சேர நாளாகும். வழியில் தெரியும் வயல்களைப் பார்த்தாலே காட்டின் நிலையையும் ஊகித்துவிடலாம்.

இன்னொன்றையும் இங்கே கவனியுங்கள். பிரிட்டிஷ் காலத்திலிருந்து பகுதி பகுதியாக மரம் வெட்டியதால், வெட்டிய இடங்களில் மண் தாழ்ந்து தண்ணீர் தேங்கி, வெயிலில் காய்ந்து உப்பளம் மாதிரி ஆகிவிட்டது. கண்டல் முளைக்கவில்லை. பெரிய வாய்க்காலிலிருந்து இருபுறமும் மீன்முள் வடிவில் கிளை வாய்க்கால்கள் வெட்டி, கடல்நீர் வந்து போக வழி செய்த பிறகுதான் மரம் திரும்ப வந்தது. எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம், வனத்துறை, கிராம மக்கள் சேர்ந்து பிச்சாவரத்திலும் முத்துப்பேட்டையிலும் செய்த வேலை இது. கரையோரம் ஒரே உயரத்தில், வரிசை கட்டி நிற்கும் மரங்களைப் பார்த்தால் அவை நட்டு வளர்த்தவை. படகு ஓட்டுபவரிடம் கேட்டால் காட்டுவார். அழிந்துபோன காடு கண்ணெதிரே திரும்பி வந்திருப்பதைப் பார்ப்பது லேசான விஷயமில்லை. எனக்கு முத்துப்பேட்டை பிடிப்பதற்குக் காரணமே இதுதான்.

2018 நவம்பர் 16 அதிகாலையில் கரையைக் கடந்த கஜா புயல் இந்தக் காட்டை மோசமாகத் தாக்கியது. வனத்துறை போட்டிருந்த மரப்பாதை, ஓய்வு மேடைகள் இப்போது எந்த நிலையில் இருக்கின்றன, எதுவரை நடக்க விடுகிறார்கள் என்று கிளம்பும் முன்பே கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். பழைய படங்களைப் பார்த்துவிட்டுப் போய் ஏமாற வேண்டாம்.

பெரிய சிக்கல் படகுதான். பிச்சாவரம் மாதிரி நேரே போய் டிக்கெட் எடுத்து ஏறும் இடம் என்று நம்பிப் போகக் கூடாது. முத்துப்பேட்டை வனச்சரக அலுவலகத்தில் முதலிலேயே பேசி, அனுமதி, படகு, நேரம் மூன்றையும் உறுதி செய்த பிறகு கிளம்புங்கள். கரையில் யாராவது "நான் கூட்டிட்டுப் போறேன், வாங்க" என்று கூப்பிட்டால், உயிர்காப்பு உடை இருக்கிறதா, வனத்துறைக்குத் தெரியுமா என்று கேளுங்கள். இரண்டில் ஒன்று இல்லையென்றாலும் ஏறாதீர்கள். ஆழம் குறைவு என்பது நிஜம்தான், ஆனால் அடியில் இருப்பது சேறு, திறந்த லகூனில் காற்று கிளம்பினால் சின்னப் படகு தாங்காது.

## டிக்கெட்டில் சேராத செலவு

பிச்சாவரத்தில் படகுக் கட்டணத்தைவிட, சிதம்பரத்திலிருந்து ஆட்டோ அல்லது கார் வைத்துப் போய்க் காத்திருக்க வைப்பதற்குத்தான் பல குடும்பங்கள் அதிகம் கொடுக்கின்றன. டவுன் பஸ் இருக்கிறது. திரும்பும் பஸ் எத்தனை மணிக்கு என்று நடத்துனரிடமே கேட்டு வைத்துக்கொண்டால் அந்தச் செலவு மிச்சம். துடுப்புப் போட்டவருக்குக் கையில் ஏதாவது கொடுப்பது பலரின் வழக்கம். வெயிலில் ஒரு மணி நேரம் துடுப்புப் போட்ட உடம்பு, கொடுப்பதில் தப்பில்லை. ஆனால் எவ்வளவு, எதற்கு என்பதை ஏறும் முன்பே பேசிக்கொள்வது இரண்டு பேருக்கும் நல்லது. பெரிய கேமரா கொண்டு போவதானால் அதற்குத் தனிக் கட்டணம் உண்டா என்று கவுன்டரிலேயே கேளுங்கள்.

முத்துப்பேட்டையில் கணக்கு வேறு. வாடகை முழுப் படகுக்கு என்றால், இரண்டு பேர் போனாலும் எட்டுப் பேர் போனாலும் அதே தொகைதான். தம்பதியாகப் போகிறவர்களுக்கு இது கட்டுப்படியாகாது, இரண்டு குடும்பம் சேர்ந்தால் கட்டுப்படியாகும். உள்ளே கடை கிடையாது, கழிப்பறையை நம்ப முடியாது. தண்ணீர், சாப்பாடு, குழந்தைக்கு மாற்றுத் துணி எல்லாம் கையோடு போக வேண்டும். குப்பையைத் திரும்பக் கொண்டு வாருங்கள். மூச்சுவேரில் சிக்கிய பிளாஸ்டிக் பையை எடுக்க அங்கே யாரும் வரமாட்டார்கள்.

பிச்சாவரத்தில் யாரும் கணக்கில் எடுக்காத செலவு ஒன்று உண்டு. காத்திருப்பு. காணும் பொங்கல், ஞாயிற்றுக்கிழமை, பள்ளி விடுமுறை என்றால் படகுக்குக் காத்திருக்கும் நேரம் படகில் போகும் நேரத்தைவிட அதிகமாகிவிடும். அப்படி ஒரு நாள் மட்டும்தான் உங்களுக்கு வாய்க்கிறது என்றால், கவுன்டர் திறக்கும்போதே வாசலில் நில்லுங்கள்.

## மாதமும் நேரமும்

படகு எது என்பதைவிட இதுதான் முக்கியம் என்று சொல்வேன். அக்டோபர் முதல் டிசம்பர் வரை வடகிழக்குப் பருவமழை. காடு பளிச்சென்று இருக்கும், ஆனால் கடலூரிலோ நாகப்பட்டினத்திலோ புயல் கூண்டு ஏற்றிவிட்டால் படகை மறந்துவிட வேண்டியதுதான். அந்த மாதங்களில் ரத்து செய்ய முடியாத அறை போடாதீர்கள். ஜனவரியும் பிப்ரவரியும் எல்லா வகையிலும் சிறந்தவை. வழியெல்லாம் சம்பா அறுவடை, தண்ணீரில் வலசை வந்த உள்ளான்களும் நாரைகளும், முகத்தில் சுடாத வெயில். ஏப்ரல், மே மாதங்களில் போவதானால் துடுப்புப் படகில் முதல் ஆளாக ஏறி ஒன்பதரைக்குள் இறங்கிவிடுங்கள். முத்துப்பேட்டையை அந்த மாதங்களில் நான் யாருக்கும் சொல்லமாட்டேன்.

கடல்நீரின் ஏற்றமும் வற்றமும் இந்தக் கடற்கரையில் பெரிதில்லை, ஒரு மீட்டருக்கும் குறைவுதான். ஆனாலும் சின்ன வாய்க்காலுக்கு அதுவே போதும். வற்றமாக இருந்தால் வேரும் நண்டும் நன்றாகத் தெரியும், சில வாய்க்கால்களில் படகு தரை தட்டும். ஏற்றத்தில் எங்கும் போகலாம், ஆனால் சேறு மூழ்கியிருக்கும். இரண்டுக்கும் நடுவே, தண்ணீர் ஏறத் தொடங்கும் நேரம் அமைந்தால் நல்லது. ஏற்றம் தினமும் முக்கால் மணி நேரத்துக்கும் மேல் தள்ளிப்போகும் என்பதால் நேற்றுப் போனவர் சொன்ன நேரம் இன்றைக்கு உதவாது. படகுத்துறையில் விசாரிப்பதே சரி.

## அப்படியானால் யார் எங்கே?

கோயிலுக்கு வந்த இடத்தில் அரை நாள் இருக்கிறது, ஓரளவு குனிய நிமிர முடிகிற ஆட்கள், நாலைந்து பேர் என்றால் யோசிக்கவே வேண்டாம், பிச்சாவரம், துடுப்புப் படகு, காலை. வயதான அம்மா அப்பா கூட வந்தால் குடும்பத்தைப் பிரித்துக்கொள்ளலாம். அவர்களோடு ஒருவர் மோட்டார் படகில் போகட்டும், மற்றவர்கள் துடுப்பில். சேர்ந்தே போக வேண்டும் என்பதற்காக எல்லோரும் மோட்டாரில் ஏறினால் குழந்தைகளுக்குத்தான் இழப்பு.

பிச்சாவரத்தை ஏற்கெனவே பார்த்தவர்கள், பறவைக்காக அலைகிறவர்கள், ஏழெட்டுப் பேர் சேர்ந்த நண்பர் கூட்டம், இவர்களுக்கு முத்துப்பேட்டை. பக்கத்திலேயே கோடிக்கரை பறவைச் சரணாலயமும் இருப்பதால் வேதாரண்யத்தில் ஓர் இரவு தங்கி இரண்டையும் சேர்த்துப் பார்க்கலாம். பூநாரைகள் வரும் பருவமாக இருந்தால் இந்தப் பயணம் முழுக்கத் தகும். முதல்முறை அலையாத்திக் காடு பார்ப்பவர்களை மட்டும் முத்துப்பேட்டையில் தொடங்கச் சொல்லமாட்டேன். வேரையும் விதையையும் பக்கத்தில் பார்த்துப் பழகிய கண்ணுக்குத்தான் லகூனின் விரிவில் எதைத் தேடுவது என்று தெரியும்.

இரண்டையும் ஒரே பயணத்தில் முடிக்க நினைத்தால் இரண்டு நாள் வேண்டும், வடக்கிலிருந்து தெற்காகப் போங்கள். முதல் நாள் காலை பிச்சாவரம், மதியம் சாப்பிட்டுவிட்டு சீர்காழி, மயிலாடுதுறை, திருவாரூர் வழியாகத் திருத்துறைப்பூண்டிக்குப் போய் இரவு தங்கல், மறுநாள் விடிந்ததும் ஜாம்புவானோடை. ரயிலில் வருகிறவர்களுக்கு சிதம்பரத்திலும் ஸ்டேஷன் உண்டு, திருவாரூர்–காரைக்குடி பாதையில் முத்துப்பேட்டையிலும் ஸ்டேஷன் உண்டு. அந்தப் பாதையில் வண்டிகள் குறைவு, திரும்பும் ரயிலைப் பார்த்துவிட்டு வனத்துறையிடம் படகு நேரத்தைக் கேளுங்கள்.